பச்சைக் கல் வைத்த பதக்கம்

“அந்த மாப்பிள்ளை தாஜ்மகாலுக்குப் போயிருக்காரா?”

கும்பகோணத்து வக்கீல் இப்படிக் கேட்டதும், சாட்சிக் கூண்டில் நின்ற கோவிந்தராசுவுக்குத் தான் எந்த வழக்குக்காக வந்தோம் என்றே ஒரு நிமிஷம் சந்தேகம் வந்துவிட்டது. தஞ்சாவூர் செஷன்ஸ் கோர்ட்டில் நடப்பது கொலை வழக்கு. செத்துப்போனது அவருடைய தெருவிலேயே இருந்த அமிர்தம். சங்கிலிக்காகக் கழுத்தை நெரித்துக் கொன்றிருந்தார்கள். இதில் தாஜ்மகால் எங்கே வந்தது?

“எந்த மாப்பிள்ளைங்க?”

“நீங்க எடுத்த இந்தக் கல்யாணக் கேசட்டுல வர்றவரு. உங்க தெரு ராசம்மாளோட மருமகன்.”

“அவரு கும்பகோணம் வரைக்கும்தாங்க போயிருக்காரு.”

“பின்ன எப்படி தாஜ்மகால் வாசல்ல பொண்டாட்டி கையைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறாரு?”

“அது மிக்ஸிங்குங்க.”

“மிக்ஸிங்னா?”

“இங்க இருக்கறவங்களைக் கொண்டுபோய் அங்க வைக்கிறதுங்க.”

“அதாவது, இல்லாத இடத்துல இருக்கற மாதிரி காட்டுறது.”

“ஆமாங்க.”

“ஒரு ரோசாப்பூ விரியுது, அதுக்குள்ளேருந்து பொண்ணு சிரிக்குது. அதுவும் மிக்ஸிங்தானா?”

“அதுக்குத் தனி ரேட்டுங்க.”

கோர்ட் சிரித்தது. நீதிபதி மட்டும் சிரிக்காமல் மேஜையைப் பார்த்துக்கொண்டார். தோள் இரண்டும் ஆடியதைக் கோவிந்தராசு கவனித்தார். பாபநாசம் கடைத்தெருவில் மனைவி பெயரில் ‘அம்சம் வீடியோ விஷன்’ நடத்துகிறவர். பதினைந்து வருஷமாக ஊரைச் சிரிக்கச் சொல்லியே பிழைத்தவர். ஊர் தானாகச் சிரித்தது இன்றைக்குத்தான்.

“மிக்ஸிங் செய்யாத ஒரிஜினல் டேப் எங்க?”

“அதுமேலயே அப்புறம் ஒரு கட்சிப் பொதுக்கூட்டம் எடுத்துட்டேங்க.”

“எந்தக் கட்சி?”

“முதல்ல ஆளுங்கட்சி. அப்புறம் அதுமேலயே எதிர்க்கட்சி. இப்ப அவங்கதான் ஆளுங்கட்சி.”

“தாஜ்மகாலையே கொண்டாந்து வைக்கிற ஆளு, ஒரு பொண்ணு கழுத்துல இல்லாத சங்கிலியைக் கொண்டாந்து வைக்க முடியாதா?”

“சத்தியமா முடியாதுங்க. அந்த அளவுக்கு எனக்குத் தொழில் தெரியாது.”

தொழிலில் தான் மட்டம் என்பதைச் சத்தியம் செய்து ஒப்புக்கொண்ட முதல் வீடியோக்காரர் அவராகத்தான் இருக்கும். வக்கீல் அதையும் கேட்டுக்கொண்டு, “வேறு கேள்வி இல்லை” என்று உட்கார்ந்தார். எதிரிக் கூண்டில் நின்ற இராஜாங்கம் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். ஊரிலிருக்கும் பெரிய வீட்டுப் பண்ணைக்கு அவன் காரியஸ்தன். வக்கீலும் பெரிய வீட்டுச் செலவுதான்.

சங்கிலியின் கதை இது. அமிர்தத்தின் புருஷன் வீரையன் பெரிய வீட்டு நிலத்தைக் குத்தகைக்கு உழுதவர். உழுகிறவனை வெளியேற்றக் கூடாது என்று சட்டம் வந்த பிறகும் அவரை வெளியேற்றப் பார்த்தார்கள். விவசாயிகள் சங்கத்தில் சேர்ந்து கொடி பிடித்தார், ஜெயிலுக்குப் போனார், தாலுகா ஆபீஸ் படியில் செருப்பைத் தேய்த்தார். கடைசியில் ஐந்து மா நிலத்துக்குக் குத்தகைப் பதிவு அவர் பெயருக்கு வந்தது. அந்த வருஷத்துச் சம்பா நெல்லை விற்று மனைவிக்குச் செய்து போட்ட சங்கிலி அது. பதக்கத்தைச் சுற்றி ஏழு சிவப்புக் கல். அதில் ஒன்று விழுந்து தொலைந்தபோது, பத்தர் கையிருப்பில் சிவப்பு இல்லையென்று பச்சைக் கல் ஒன்றை வைத்துக் கொடுத்துவிட்டார். மாற்றுகிறேன் மாற்றுகிறேன் என்றே வீரையன் செத்துப்போனார்.

அதற்குப் பிறகு அமிர்தம் அதைக் கழுத்தில் போடவில்லை. பெட்டிக்குள்ளேயே பூட்டிப் போடவும் மனசு வரவில்லை. தெருவில் எந்தப் பெண்ணுக்குக் கல்யாணம் என்றாலும் முதல் நாள் சாயங்காலம் மஞ்சள் துணியில் முடிந்து எடுத்துக்கொண்டு வந்துவிடுவார். “போட்டுக்க கண்ணு. உங்க பெரியப்பா சம்பாதிச்சது” என்று தானே மாட்டிவிடுவார். மாப்பிள்ளை வீட்டார் அது பெண்ணின் சங்கிலி என்று நினைத்துக்கொள்வார்கள். யாரும் அப்படியென்று சொன்னதில்லை, இல்லையென்றும் சொன்னதில்லை. பெண் மறுவீடு வந்து போகும்போது சங்கிலி சத்தமில்லாமல் பெட்டிக்குத் திரும்பிவிடும். தெருவில் இருந்த எல்லாக் கல்யாண ஆல்பத்திலும் அந்தச் சங்கிலி இருந்தது. அமிர்தம்தான் ஒன்றிலும் இல்லை.

அது கோவிந்தராசுவின் கைங்கர்யம். தாலி கட்டும் நேரத்தில் விதவை நிழல் படத்தில் விழுந்தால் மாப்பிள்ளை வீட்டார் முகம் சுளிப்பார்கள் என்று, “அக்கா, கொஞ்சம் அந்தாண்ட” என்று கையாட்டுவார். அமிர்தமும் உடனே தூணுக்குப் பின்னால் போய்விடுவார். பத்துப் பதினைந்து கல்யாணம் இப்படி.

தொண்ணூற்று நாலு தை மாதம், தெருவே சம்பா அறுப்புக்கு வயலில் இருந்த பகலில், அமிர்தத்தை வீட்டுக்குள் வைத்துக் கொன்றுவிட்டுச் சங்கிலியை எடுத்துப் போனார்கள். பிணத்தைப் படம் எடுக்க போலீசார் வழக்கம்போலப் பாபநாசம் ஸ்டூடியோவுக்குத்தான் ஆள் அனுப்பினார்கள். கோவிந்தராசு போய் எட்டுப் படம் எடுத்தார். அந்த அக்காவை அவர் எடுத்த படம் அந்த எட்டுதான். கழுத்தில் சிவந்து கிடந்த கோட்டை இன்ஸ்பெக்டர் கிட்டத்தில் எடுக்கச் சொன்னபோது ஃபோகஸ் கிடைக்கவில்லை. லென்ஸை மூன்று தடவை துடைத்தார். ஈரம் லென்ஸில் இல்லை.

போலீசாருக்கு முதலில் நிலத் தகராறுதான் கண்ணில் பட்டது. அதற்கு முந்தைய வாரம் வாய்க்கால் தண்ணீருக்காக அமிர்தத்தோடு சத்தம் போட்ட பக்கத்து வயல் மருதையனைத் தூக்கிக்கொண்டு போனார்கள். சங்கத்து ஆள் வேறு, கேட்க வேண்டுமா? நாலாம் நாள் வீட்டுக்கு வந்தவர் இன்று வரை வலது காலை இழுத்துத்தான் நடக்கிறார். பிறகு நாகூரில் ஓர் அடகுக் கடையில் சங்கிலி கிடைத்தது. வைத்தவன் இராஜாங்கம். “எங்கம்மா சங்கிலி. பரம்பரையா வந்தது” என்றான். அவனுடைய அம்மா செத்து எட்டு வருஷம். அவரைக் கூப்பிட்டுக் கேட்க முடியாது.

வழக்கு மெதுவாக நகர்ந்தது. பழைய அரசு வக்கீலுக்கு எல்லாம் மனப்பாடம். ஆட்சி மாறியது, அவரும் மாறினார். புதியவர் கட்டைப் பிரித்து முதல் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்கினார். மூன்று வருஷத்தில் பதினெட்டு வாய்தா.

தாஜ்மகால் பேச்சு வந்த அன்று சாயங்காலம், கோர்ட் வராந்தாவில் புது அரசு வக்கீல் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

“என்னய்யா இப்படிக் கவுத்துட்டீங்க? இந்தச் சங்கிலி உங்க தெரு சங்கிலின்னு நிரூபிச்சாத்தான் கேஸ் நிக்கும். இல்லேன்னா அவன் வெளில போயிடுவான். மருதையன்தான் செஞ்சான்னு ஊரு பேசும். அந்த வக்கீல் பாதி அதைத்தான் கிளப்பிக்கிட்டு இருக்காரு.”

“இப்ப என்னங்க செய்யணும்?”

“கொலைக்கு முன்னாடி எடுத்த ஃபோட்டோ. பச்சைக் கல் பளிச்சுன்னு தெரியணும். நெகட்டிவோட வேணும், நெகட்டிவ்ல தாஜ்மகால் வராதில்ல? போட்டிருந்த பொண்ணு கூண்டுல ஏறி ‘இது இரவல், அமிர்தத்துது’ன்னு சொல்லணும்.”

பக்கத்தில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த மருதையன் முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தார். கோவிந்தராசுவைப் பார்க்கவில்லை. அதுதான் அவருக்குத் தாங்கவில்லை.

ஸ்டூடியோவில் நெகட்டிவ் கவர்களை எல்லாம் கொட்டினார். தன் வாழ்நாள் உழைப்பைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தவர் தலையில் அடித்துக்கொண்டார். எல்லாப் பெண்ணுக்கும் கழுத்தில் மாலை. சங்கிலி தோளில் தெரிகிறது. பதக்கம் சம்பங்கிக்குக் கீழே போய்விடுகிறது. மாலை இல்லாமல் எடுத்தது மூன்றே பேரைத்தான்.

முதல் பெண்ணின் தாய் காளியம்மாள் வாசலிலேயே நிறுத்திவிட்டார்.

“எம்மாப்பிள்ளை அபுதாபிலேருந்து போடற ஒவ்வொரு லெட்டர்லயும் ‘சங்கிலி பத்திரம்’னு எழுதுறாரு. நீ கோர்ட்ல போயி அது செத்துப்போனவங்க சங்கிலின்னு சொல்லச் சொல்றியா?”

“உனக்கு அமிர்தம் அக்கா எவ்வளவு செஞ்சாங்க, யோசிச்சுப் பாரு.”

“நான் தினம் அழுவறேண்டாப்பா. அழுவறதுக்கு எம்மாப்பிள்ளைக்கிட்டக் கேக்க வேண்டியதில்லை பாரு.”

இரண்டாவது வீட்டில் ஆல்பத்தைக் கரையான் தின்றுவிட்டது என்றார்கள். அலமாரியில் ஆல்பத்தின் சிவப்பு அட்டை தெரிந்தது. கோவிந்தராசு அதைப் பார்த்ததை அவர்களும் பார்த்தார்கள். காபி கொடுத்து அனுப்பினார்கள்.

மூன்றாவது பெண் வள்ளியம்மை. கோவிந்தராசுவின் ஒரே மகள்.

தொண்ணூற்று மூன்று ஆவணியில் நடந்த கல்யாணம். திருத்துறைப்பூண்டி சம்மந்தம். மாமியார் பிரகதாம்பாள், முகூர்த்தம் முடிந்த கையோடு, “மாலையைக் கழட்டுங்க. போட்ட நகை ஒவ்வொண்ணும் தெரியற மாதிரி ஒரு ஃபோட்டோ வேணும். நாளைக்கு ஒரு பேச்சு வந்துடக்கூடாது பாருங்க” என்று மேடையிலேயே சொன்னார். கோவிந்தராசு பல்லைக் கடித்துக்கொண்டு, ஃபில்டர் கில்டர் எதுவும் போடாமல், பெண்ணின் கழுத்தைக் கிட்டத்தில் எடுத்தார். ஆறு சிவப்பு, ஒரு பச்சை. எண்ணலாம். அவர் வாழ்க்கையில் எடுத்த ஒரே உருப்படியான படம், கோபத்தில் எடுத்தது.

சங்கிலி அறுந்து பத்தரிடம் இருக்கிறது என்று ஆறு மாதம் சம்மந்தியிடம் சொன்னார். பிறகு பாங்கு லாக்கரில் இருக்கிறது என்றார். நாலு வருஷமாக அது லாக்கரில்தான் இருந்தது; கோர்ட் பொருள் அறையில் நம்பர் ஒட்டிக் கிடந்தபோதும்.

“வேணாங்க” என்றாள் அம்சம். “அந்தம்மா அவளை வாழ விடாது.”

“மருதையன்?”

“அவரு பாவந்தான். இது நம்ம பொண்ணு.”

“அமிர்தம் அக்கா யாரு பொண்ணு?”

அம்சம் எழுந்து அடுப்படிக்குப் போனாள். அன்றைக்கு ரசத்தில் உப்பில்லை. கோவிந்தராசு கேட்காமல் சாப்பிட்டார்.

சம்மந்தியிடம் முன்கூட்டியே சொல்லிவிடுவது என்று திருத்துறைப்பூண்டிக்கு பஸ் ஏறினார். வழி முழுக்கச் சொல்ல வேண்டியதை ஒத்திகை பார்த்தார். போய் உட்கார்ந்ததும் பிரகதாம்பாள், “வாங்க சம்மந்தி. அடுத்த மாசம் எங்க அண்ணன் பேத்திக்குக் காதுகுத்து. வள்ளி அந்தச் சங்கிலியைப் போட்டுக்கிட்டு வரட்டும். லாக்கரைத் தொறந்துடுங்க” என்றார். கோவிந்தராசு, “தொறந்துடறேங்க” என்று சொல்லிவிட்டு, கொடுத்த அதிரசத்தை வாயில் போட்டுக்கொண்டார். கொலைகாரனுக்கு எதிராகச் சாட்சி சொல்ல வந்த வீரர்.

கொல்லைப்புறத்தில் அடிபம்பில் குடம் வைத்துக்கொண்டிருந்த மகளிடம்தான் சொல்ல முடிந்தது. வள்ளியம்மை பம்பை அடித்துக்கொண்டே கேட்டாள்.

“நான் வரணுமாப்பா?”

“நீ வரலேன்னாலும் ஒண்ணுமில்லம்மா. நெகட்டிவை மட்டும்...”

“நெகட்டிவ் போயி பேசுமா? பெரியம்மா எனக்கு அதை மாட்டிவிட்டுட்டு, கல்லு ஒண்ணு பச்சையா இருக்குன்னு யாராச்சும் கேட்டா திருஷ்டிக்குன்னு சொல்லிடு கண்ணுன்னாங்க. வாய்தா என்னிக்கு?”

அம்மாவுக்கு உடம்பு சரியில்லை என்று பொய் சொல்லிவிட்டு அவள் தஞ்சாவூருக்கு வந்தாள். கோர்ட் வாசலில் கூட்டம், கோஷம். காவிரியில் தண்ணீர் விடவில்லை என்று வக்கீல்கள் எல்லாரும் அன்று கோர்ட்டைப் புறக்கணித்திருந்தார்கள். தண்ணீர் வராததால் குறுவை போனது ஒரு பக்கம். கோவிந்தராசுவின் வாய்தாவும் அதோடு போனது. போராட்டத்தை வேடிக்கை பார்த்த கூட்டத்தில் திருத்துறைப்பூண்டிக்காரர் ஒருவர் இருந்தார். “என்ன வள்ளி, கொலைக் கேஸ்ல சாட்சியாமே?” என்று விசாரித்தார். அவர் சாயங்கால பஸ்ஸில் ஊருக்குப் போனார். சேதி அவருக்கு முன்னாலேயே போய்ச் சேர்ந்தது.

மூன்றாம் நாள் வள்ளியம்மை தகரப் பெட்டியோடு பாபநாசம் வந்து இறங்கினாள்.

“சங்கிலியைக் கொண்டாந்தா வா, இல்லேன்னா அங்கயே இருன்னுட்டாங்கப்பா.”

“மாப்பிள்ளை?”

“அவரு பெட்டியைத் தூக்கிட்டு வந்து பஸ்ல ஏத்திவிட்டாரு.”

நடக்காத விசாரணைக்காக மகளின் வாழ்க்கை நின்றது. அடுத்த வாய்தாவில் நீதிபதிக்கு விடுப்பு. அதற்கடுத்ததில் சங்கிலியைப் பொருள் அறையிலிருந்து கொண்டுவர வேண்டிய குமாஸ்தாவுக்கு மச்சினன் கல்யாணம். கோவிந்தராசுவுக்கு யாரையாவது அடிக்க வேண்டும் போலிருந்தது. ஆள் கிடைக்காமல் ஸ்டூடியோவில் பாஸ்போர்ட் ஃபோட்டோவுக்கு வந்தவரிடம், “தலையை நேரா வைங்க, எத்தனை வாட்டி சொல்றது!” என்று கத்தினார். அவர் கழுத்துச் சுளுக்குக்காரர் என்பது பிறகு தெரிந்தது.

நாலாவது மாதம் ஒருவழியாக வள்ளியம்மை கூண்டில் ஏறினாள். கோவிந்தராசுவையும் மறுபடி அழைத்து நெகட்டிவைச் சான்றாகக் குறியீடு செய்தார்கள். பெரிதாக்கிய படத்தையும் சங்கிலியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து நீதிபதி கண்ணாடி வழியாகப் பார்த்தார். ஆறு சிவப்பு, ஒரு பச்சை.

கும்பகோணத்து வக்கீல் எழுந்தார். “போட்டோவுல சங்கிலி உங்க கழுத்துலதானே இருக்கு? அமிர்தத்தோடதுன்னு என்ன அத்தாட்சி? உங்க மாமியார் வீட்டுக்கு உங்க நகைன்னுதானே சொன்னீங்க? அன்னிக்குச் சொன்னது பொய்யா, இன்னிக்குச் சொல்றது பொய்யா?”

“அன்னிக்குங்க” என்றாள் வள்ளியம்மை.

ஒரு தடவை பொய் சொன்னவள் என்று வக்கீல் நீதிபதியைப் பார்த்துக் கையை விரித்தார். அதோடு விட்டிருக்கலாம். வெற்றி ருசி கண்டவர், அந்தப் பெண் பொய்க்காரி என்பதை அவளுடைய மாமியார் வாயாலேயே சொல்லவைக்க ஆசைப்பட்டார். பிரகதாம்பாள் மருமகளை விரட்டிவிட்ட சேதி அவருக்கு வந்திருந்தது. கோபத்தில் இருக்கிற மாமியாரைவிட நல்ல சாட்சி உண்டா என்று எதிரி தரப்பில் அழைத்துவிட்டார்.

பிரகதாம்பாள் பட்டுப் புடவையில் வந்தார். கோவிந்தராசுவைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

“அம்மா, கல்யாணத்தப்ப இந்தச் சங்கிலி பொண்ணோடதுன்னு சொன்னாங்களா, இல்லையா?”

“சொன்னாங்க! அந்தா நிக்கிறாரே, பல்லைக் காட்டிக்கிட்டு, அவருதான் சொன்னாரு. லாக்கர்ல இருக்குன்னு நாலு வருஷமா எங்காதுல பூ சுத்துனாரு.”

“அப்ப இரவல் சங்கிலின்னு உங்க மருமக சொல்றது...”

“இருங்க.” பிரகதாம்பாளின் கண் மேஜைமேல் விழுந்தது. “அது என்னது? அந்தச் சங்கிலியைக் காட்டுங்க.”

வக்கீல் தயங்கினார். நீதிபதி காட்டச் சொன்னார். பிரகதாம்பாள் அதை வாங்கி, பதக்கத்தைத் திருப்பி, உள்ளங்கையில் வைத்துத் தூக்கிப் பார்த்தார்.

“இதேதான்! பச்சைக் கல்லு ஏன் வச்சிருக்குன்னு மேடையிலயே கேட்டேன், திருஷ்டிக்குன்னா வள்ளி. கொக்கியில ஒரு நெளிவு இருக்கு பாருங்க, அன்னிக்கே எங்கையில குத்துச்சு. எங்க வீட்டுக்கு வந்து சேர வேண்டிய சங்கிலி. இது இங்க எப்படி வந்துச்சு? யாரு கொண்டாந்தது?”

அரசு வக்கீல் எழுந்து, மிக மெதுவாக, “இந்தா கூண்டுல நிக்கிறாரே இராஜாங்கம், அவரு நாகூர்ல அடகு வச்சதும்மா. அவங்கம்மாவோட பரம்பரைச் சங்கிலியாம்” என்றார்.

“எவன்டா அவன்? தொண்ணூத்து மூணு ஆவணியில எம்மருமக கழுத்துல கிடந்தது, இவங்கம்மா கழுத்துக்கு எப்படிடா போகும்?”

கும்பகோணத்து வக்கீல் உட்கார்ந்துவிட்டார். தன் கட்சிக்காரனின் கழுத்தில் கயிற்றைத் தன் சாட்சியே போட்டதை அவர் தொழிலில் பார்த்திருக்க மாட்டார். கோவிந்தராசுவுக்கு உதவ வந்த சாட்சி என்று அவரால் குறை சொல்லவும் முடியாது. அந்தம்மா அப்போதும் கோவிந்தராசுவைத் திட்டிக்கொண்டுதான் இருந்தார்.

“சங்கிலியை எங்கிட்டக் குடுத்துடுங்கய்யா” என்று நீதிபதியிடமே கேட்டார்.

“அது வழக்குச் சொத்தும்மா” என்றார் நீதிபதி. “அதோட சொந்தக்காரங்க இறந்துட்டாங்க.”

ஃபோட்டோவை அடையாளம் சொல்வதற்காகக் குமாஸ்தா அவர் முன், வழக்குப் படங்களை எல்லாம் ஒட்டியிருந்த ஆல்பத்தை விரித்தார். பிரகதாம்பாள் தன் மருமகளின் கழுத்தைப் பார்த்து, ஆமாம் என்று தலையாட்டிவிட்டு, கையை எடுக்கும்போது பக்கம் புரண்டுவிட்டது. அடுத்த பக்கத்தில் இன்னொரு கழுத்து. வெறுங்கழுத்தில் ஒரு கோடு.

“இவங்கதானா?” என்றார்.

குமாஸ்தா தலையாட்டினார். அதற்கப்புறம் அவர் சங்கிலியைக் கேட்கவில்லை. கூண்டிலிருந்து இறங்கும்போது படியைப் பிடித்துக்கொண்டு இறங்கினார்.

தீர்ப்பு ஐந்து வாரம் கழித்து. நீதிபதி இங்கிலீஷில் வாசித்தது இரண்டு நிமிஷம். கோவிந்தராசு அரசு வக்கீலின் சட்டையைப் பிடித்து இழுத்து, “என்னங்க ஆச்சு?” என்றார். ஆயுள் தண்டனை. மருதையன் வராந்தாவிலேயே உட்கார்ந்து, இழுத்து நடக்கும் காலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். சந்தோஷப்படுகிறாரா அழுகிறாரா என்று தெரியவில்லை. இராஜாங்கத்தின் ஆட்கள் சென்னைக்கு அப்பீல் போவதாக அங்கேயே பேசிக்கொண்டார்கள். அது முடிகிற வரைக்கும் சங்கிலி பொருள் அறையில்தான் இருக்கும் என்றார் குமாஸ்தா. எத்தனை வருஷம் என்று கேட்டதற்குச் சிரித்தார்.

கோர்ட் வாசலில் பிரகதாம்பாள் நின்றுகொண்டிருந்தார். சாட்சி சொல்லி முடித்தவருக்குத் தீர்ப்பன்று வேலையில்லை. கூட மகனும் இருந்தான். பிரகதாம்பாள் நேராக வள்ளியம்மையிடம் வந்தார்.

“பெட்டி எங்க?”

“வீட்டுல இருக்கு அத்தை.”

“அதை அப்புறம் இவன் போய் எடுத்துக்கிட்டு வருவான். நீ கிளம்பு, மன்னார்குடி வண்டி போயிடப் போவுது.”

கோவிந்தராசு கைகூப்பிக்கொண்டு, “சம்மந்தியம்மா, நான் வந்து...” என்று ஆரம்பித்தார். பிரகதாம்பாள் அவர் பக்கமே திரும்பவில்லை.

“வள்ளி, உங்கப்பாகிட்டச் சொல்லு. தீபாவளிக்கு நான் வரமாட்டேன்னு.”

வள்ளியம்மை ஓரடி தள்ளி நின்ற அப்பாவைப் பார்த்தாள். “அத்தை தீபாவளிக்கு வரமாட்டாங்களாம்ப்பா.”

“சரின்னு சொல்லும்மா.”

“சரிங்கறாங்க அத்தை.”

“பொங்கலுக்கும்.”

“பொங்கலுக்குமாம்ப்பா.”

“அதுக்கும் சரிம்மா. எப்ப வந்தாலும்...”

பிரகதாம்பாள் மருமகளின் முழங்கையைப் பிடித்துக்கொண்டு சாலையைக் கடந்தார். எதிரே வந்த லாரியைக் கை காட்டி நிறுத்தினார். அதுவும் நின்றது.